கீழ போயிட்டாங்க

பேருந்து நிலையத்துக்குப் பக்கத்திலிருந்த ஸ்வெட்டர் கடை முன்னால், மணிமேகலை சால்வை நுனியால் வாயைப் பொத்திக்கொண்டு நின்றாள். குளிருக்காக இல்லை. சந்தை பார்க்க வந்தவர்கள் மூச்சு வாங்கி முடிப்பதற்குள் பேச ஆரம்பித்துவிடக் கூடாது, முதலில் அவர்கள் பெயரைக் கேட்க வேண்டும் என்று ஹோம்ஸ்டே நடத்தும் ஜோதிமணி அக்கா சொல்லியனுப்பியிருந்தாள். மணிமேகலையும் பெயரைக் கேட்டாள். சென்னையிலிருந்து வந்த சுவாமிநாதன், அவர் மனைவி மகாதேவி, கோயம்புத்தூரிலிருந்து சேர்ந்து வந்த இரண்டு இளம்பெண்கள். கேட்டு முடித்ததும் அவளுடைய கட்டுப்பாடும் முடிந்துவிட்டது. வெள்ளனே எழுந்ததிலிருந்து தொண்டையில் காத்துக்கிடந்த பேச்செல்லாம் கொட்ட ஆரம்பித்தது.

அந்த வாய்க்காக அவள் வாங்கிய ஏச்சு கொஞ்சநஞ்சமா? பள்ளிக்கூடத்தில் பெஞ்சு மேல் நின்றது வாயால். மாமியாரோடு ஒரே வீட்டில் இருக்க முடியாமல் நாயுடுபுரத்துக்குத் தனியாக வந்ததும் வாயால்தான். ஒரு ஓட்டலில் அறை சுத்தம் செய்யும் வேலைக்குப் போனாள். தங்க வந்தவர்கள் எதிரே வந்தால் சுவரோரம் ஒதுங்கித் தலையைக் குனிந்துகொள்ள வேண்டும் என்பது அங்கே சட்டம். புதுசாகக் கல்யாணமான ஒரு ஜோடியிடம், இந்தப் பனிமூட்டத்தில் மலை பார்க்கப் போய் என்னத்தைப் பார்க்கப் போகிறீர்கள், பேசாமல் போர்த்திக்கொண்டு தூங்குங்கள் என்று ஒரு நாள் நல்ல மனசோடு சொல்லிவிட்டாள். மறுநாளே அவளைத் துணி துவைக்கும் அறைக்கு மாற்றிவிட்டார்கள். அங்கே பேச வாஷிங் மெஷின்தான் இருந்தது. அதோடும் அவள் பேசினாள் என்று கூட வேலை பார்த்தவர்கள் சொல்வார்கள்.

பிறகு ஜோதிமணி அக்காவின் ஹோம்ஸ்டேயில் காலைப் பலகாரம் செய்யப் போனாள். தோசை ஊற்றிக்கொண்டே ஊர்க்கதை சொல்வாள். தங்க வந்தவர்கள் சாப்பிட்டு முடித்தும் எழுந்திருக்க மாட்டார்கள். அக்கா அதைப் பார்த்துக்கொண்டே இருந்தாள். ஒரு நாள், ஞாயிற்றுக்கிழமைச் சந்தையை ஒரு சுற்று நடத்திக் காட்டுகிறாயா, சும்மா பேசிக்கொண்டே போனால் போதும் என்று கேட்டாள். மணிமேகலைக்குக் கண்ணில் தண்ணீரே வந்துவிட்டது. சும்மா பேசிக்கொண்டே போனால் போதும் என்று அவளிடம் இதுவரை யாரும் சொன்னதில்லை. ஜீப் ஓட்டும் அவள் புருஷன் திருமலைச்சாமிதான் நம்பவில்லை. "ஒன் பேச்சக் கேக்க மெட்ராஸ்லருந்து வரப்போறாகளாக்கும்" என்று சிரித்தான். அக்காவும் ஒரேயடியாக வாக்குக் கொடுத்துவிடவில்லை. இந்த ஒரு ஞாயிறு பார்ப்போம், வந்தவர்கள் திருப்தியாகப் போனால் சீசன் முழுக்க நீதான், முகம் சுளித்தால் என் அண்ணன் மகன் கழுத்தில் மைக் மாட்டிக்கொண்டு தயாராக இருக்கிறான் என்று சொல்லியிருந்தாள்.

ஆகவே மணிமேகலை அன்றைக்கு முகங்களைப் பார்த்துப் பார்த்துத்தான் பேசினாள். கோயம்புத்தூர்ப் பெண்கள் மரத்தக்காளியைக் கண்டாலும் சிரித்தார்கள், பேரிக்காயைக் கண்டாலும் சிரித்தார்கள். அவர்களைப் பற்றிக் கவலையில்லை. சுவாமிநாதன் அவள் சொல்வதையெல்லாம் போனில் தேடிப் பார்த்து, சரிதான் என்று தலையாட்டிக்கொண்டே வந்தார். அதுவும் போகட்டும். மகாதேவிதான் அவளைப் பயமுறுத்தினாள். கண்ணாடி போட்ட, தலை பாதி நரைத்த அந்த அம்மாள் ஒரு வார்த்தை பேசவில்லை. ஸ்வெட்டர் கடையில் ஒரு பச்சை ஸ்வெட்டரைத் தொட்டுப் பார்த்தாள், போட்டுக்கொண்டாள், அவ்வளவுதான். இந்த வருஷம் மூட்டை மூட்டையாக இந்தப் பச்சைதான் வந்து இறங்கியிருக்கிறது, ஊரில் பாதிப் பேர் இதைத்தான் போட்டுக்கொண்டு அலைகிறார்கள் என்று மணிமேகலை சொன்னதற்கும் லேசாகப் புன்னகைத்ததோடு சரி.

சந்தை மும்முரமாக இருந்தது. மேட்டுத் தெரு முழுக்கத் தார்ப்பாய்கள். சேறு கழுவாத கேரட், முள்ளங்கி, பட்டாணி, அட்டைப்பெட்டியில் பட்டர் ஃப்ரூட், யூகலிப்டஸ் தைலப் பாட்டில்கள். மேலே வெயில் அடித்துக்கொண்டிருக்கும்போதே தெருவின் கோடியிலிருந்து பனி ஏறி வந்து பாதிக் கடைகளை மறைத்தது. மணிமேகலை நடந்துகொண்டே ஊர்ப்பேச்சுக்குப் பாடம் எடுத்தாள். எங்கள் ஊரில் யாராவது "கீழ போயிருக்காரு" என்றால் மாடிப்படி இறங்கியிருக்கிறார் என்று நினைத்துவிடாதீர்கள், மலையடிவாரத்து வத்தலக்குண்டுக்கு பஸ் ஏறிவிட்டார் என்று அர்த்தம், ஆஸ்பத்திரியா, கல்யாணமா, கோர்ட்டா, எல்லாம் எங்களுக்குக் கீழேதான் என்றாள். கோயம்புத்தூர்ப் பெண்கள் அதற்கும் சிரித்தார்கள். மகாதேவி வாயைத் திறப்பது போலிருந்தது. புருஷனைப் பார்த்துவிட்டு மூடிக்கொண்டாள்.

சும்மா இருந்திருக்கலாம். ஆனால் மணிமேகலைக்குத்தான் சும்மா இருக்க வராதே. பேக்கரி வாசலில் எல்லாருக்கும் டீ சொல்லிவிட்டு, "அம்மா வாயவே தொறக்க மாட்டேங்கிறாங்க. வீட்டுல எல்லாத்தையும் சாரே பேசி முடிச்சிருவாரு போல" என்று சொல்லிவிட்டாள். பெண்கள் சிரித்தார்கள், பேக்கரிக்காரர் சிரித்தார், சுவாமிநாதன்கூடச் சங்கடமாகச் சிரித்தார். மகாதேவி மட்டும் சிரிக்கவில்லை. டீ கிளாசைப் பெஞ்சில் வைத்துவிட்டுத் தெருவைப் பார்த்துத் திரும்பிக்கொண்டாள்.

மணிமேகலைக்குச் சுருக்கென்றது. சரி, இன்னொரு கதை சொல்லிச் சரிக்கட்டிவிடலாம் என்று, குரங்கு ஒன்று கல்யாண வீட்டுப் பந்தியில் உட்கார்ந்த கதையை எடுத்துவிட்டாள். அது நீளமான கதை. குரங்குக்கு இலை போட்டு முடித்துத் திரும்பிப் பார்த்தால் மகாதேவியைக் காணவில்லை.

முதலில் யாரும் பதறவில்லை. பாத்ரூம் போயிருப்பாள் என்றார் சுவாமிநாதன். பேக்கரியில் கேட்டார்கள், சாக்லேட் கடையில் கேட்டார்கள், ஸ்வெட்டர் கடைவரை போய்த் திரும்பினார்கள். போன் செய்து பார்த்தால் அது சுவாமிநாதனின் தோள்பையிலேயே அடித்தது. கடைசியில் தெருவோரப் படிக்கட்டுக்குத் தலைமாட்டில் வாழையிலை விற்றுக்கொண்டிருந்த பிச்சையம்மாளிடம் மணிமேகலை கேட்டாள். பிச்சையம்மாள் ஞாயிறுதோறும் முதல் பஸ்ஸில் இலைக்கட்டோடு வருகிறவள். வாயில் வெற்றிலையோடு, இலை எண்ணுவதை நிறுத்தாமல் அவள் சொன்னாள்.

"பச்சை ஸ்வெட்டர் போட்ட அம்மாவா? அவுங்க அப்பவே கீழ போயிட்டாங்களே."

மணிமேகலை பேருந்து நிலையத்துப் பக்கம் திரும்பிப் பார்த்தாள். சொல்லிவைத்தாற்போல, வத்தலக்குண்டு பஸ் கொஞ்சம் முன்னால்தான் ஹாரன் அடித்துக்கொண்டு போயிருந்தது. கோபித்துக்கொண்டு பஸ் ஏறிவிட்டாள் அந்த அம்மாள். இந்தப் பாழாய்ப்போன வாய், ஓட்டல் வேலையைத் தின்றது போதாதென்று இதையும் தின்றுவிட்டது. ஜோதிமணி அக்காவின் அண்ணன் மகன் மைக்கைத் துடைத்துக்கொண்டிருப்பது அவள் கண்ணுக்கே தெரிந்தது. அழுகை முட்டிக்கொண்டு வந்தது.

"எம்மேலதான் சார் தப்பு. வெளையாட்டா பேசிட்டேன்" என்றாள்.

சுவாமிநாதன் அவளைப் பார்க்கவில்லை. கண்ணாடியைக் கழற்றிச் சட்டையில் துடைத்தார். துடைத்ததையே மறுபடியும் துடைத்தார்.

"உங்க மேல இல்லம்மா. காலையில ரூம்ல நான்தான் சொன்னேன். நீ வாயைத் திறந்தா எதிர்ல வர்ற எல்லார்கிட்டயும் நின்னு பேசுவே, இன்னிக்காவது பேசாம வா, டூர் முடியணும்னு" என்றார்.

மணிமேகலைக்கு அப்போதுதான் புரிந்தது. அந்த அம்மாள் பேசாத ஆளில்லை, பேச விடாமல் வைத்த ஆள். சுவரோரம் ஒதுங்கித் தலையைக் குனிந்துகொண்டு நின்ற காலமெல்லாம் அவளுக்கு நினைவு வந்தது. அவர் மேல் கோபம் வந்தது. ஆனால் அவர் அந்தக் கண்ணாடியை மூன்றாவது தடவையாகத் துடைப்பதைப் பார்த்ததும் அந்தக் கோபம் தணிந்துவிட்டது.

பெருமாள்மலையில் அவள் தம்பி ராஜமுருகனுக்கு டீக்கடை. கீழே போகிற பஸ்ஸெல்லாம் அவன் கடை முன்னால் நின்றுதான் போகும். அவனுக்குப் போன் போட்டாள்.

"ஏலே ராசு, வத்தலக்குண்டு பஸ்ஸு வந்துருச்சா?"

"இந்தா, இப்பத்தான் வந்து நிக்குதுக்கா."

"வெரசா ஏறிப் பாருலே. பச்சை ஸ்வெட்டரு, கண்ணாடி போட்ட அம்மா. பதவிசா பேசி எறக்கி வையி. சாரு இங்கன தவிச்சுப்போயி நிக்காரு, ஒடனே கூப்புடுறாருன்னு சொல்லு."

நான்கு பேரும் போனைச் சுற்றி நின்றார்கள். அந்தப் பக்கம் இரைச்சல், விசில், யாரோ உரக்கப் பேசும் சத்தம். பிறகு ராஜமுருகன் மூச்சிரைக்க வந்தான். இறக்கிவிட்டேன், பஸ்ஸும் போய்விட்டது, ஆனால் அந்த அம்மாள் கன்னாபின்னாவென்று திட்டுகிறார்கள் என்றான்.

சுவாமிநாதனின் முகம் அப்படியே மலர்ந்துவிட்டது. "திட்டறாளா? அப்ப அவதான்" என்றார்.

உடனே திருமலைச்சாமிக்குப் போன் போனது. பெருமாள்மலைக்குப் போக ஜீப் வந்து தெருமுனையில் நின்றது. கோயம்புத்தூர்ப் பெண்கள் முதல் ஆளாக ஓடினார்கள். இப்படியொரு டூர் கிடைக்குமா? சுவாமிநாதன் ஒரு காலை ஜீப்பில் வைத்தபோது பின்னாலிருந்து பிச்சையம்மாளின் குரல் வந்தது.

"எங்க எல்லாரும் ஓடுறீக? அந்தம்மா இங்கன கீழ, பூண்டுக்காரிகளோட ஒக்காந்து கெடக்காங்க."

மணிமேகலை திரும்பி வந்து படிக்கட்டை எட்டிப் பார்த்தாள். அடியில் பூண்டுக் கொட்டகை. அதைக் கடைசியில் காட்டுவதாகத்தான் அவளே சொல்லியிருந்தாள். அங்கே மன்னவனூர் ராக்காயியும் இன்னும் இரண்டு பெண்களும் சாக்கு விரித்துப் பூண்டைத் தேய்த்து மண் போக்கிக்கொண்டிருந்தார்கள். நடுவில் ஒரு கோணிமூட்டை மேல், பச்சை ஸ்வெட்டரின் கையை முழங்கைவரை சுருட்டிவிட்டுக்கொண்டு மகாதேவி. அவள் பேசிக்கொண்டிருந்தாள். படிக்கட்டின் உச்சிவரை கேட்டது அந்தப் பேச்சு. ராக்காயி சிரித்துச் சிரித்து முந்தானையால் கண்ணைத் துடைத்தாள்.

"கீழ போயிட்டாங்கன்னு சொன்னியே, பிச்சையக்கா" என்றாள் மணிமேகலை. குரலில் சத்தே இல்லை.

"கீழதான இருக்காங்க."

"கீழன்னா வத்தலக்குண்டு இல்லையா?"

பிச்சையம்மாள் வெற்றிலைச் சாற்றை ஓரமாகத் துப்பிவிட்டு அவளை மேலும் கீழும் பார்த்தாள். "நான் வத்தலக்குண்டுக்காரி. எனக்கு அது ஊருடி. ஊருக்குப் போனா ஊருக்குப் போயிட்டாங்கன்னு சொல்லுவேன். கீழன்னா கீழதான்" என்றாள்.

அவர்கள் இறங்கிப் போனபோது மகாதேவி எழுந்திருக்கவில்லை. வீட்டில் பூண்டு வாங்கி வைத்தால் முளைத்துவிடுகிறதே, இவர்கள் எப்படி வைத்துக்கொள்கிறார்கள் என்று அவளுக்கு அப்போதிருந்தே கேட்க வேண்டுமாம். கடைசியில் காட்டுவதாகச் சொன்னதைத் தான் முதலில் பார்த்துவிடலாம் என்று இறங்கினாளாம். தாளோடு பின்னி அடுப்புக்கு மேல் பரணில் கட்டிவிடுவார்களாம், புகை பட்டுப் பட்டு அது வருஷம் தாங்குமாம். ராக்காயிக்கு முழங்கால் வலியாம், தனக்கும்தானாம். சுவாமிநாதனைப் பார்த்து, "நீங்க போய் டூர முடிச்சிட்டு வாங்க. நான் இங்கதான் இருப்பேன்" என்றாள். அவர் பக்கத்து மூட்டையில் உட்கார்ந்தார்.

மணிமேகலைக்கு உயிர் திரும்பி வந்தது. வந்த உயிர் அப்படியே நின்றது, கையிலிருந்த போன் அடித்ததால். ராஜமுருகன்தான். அப்படியானால் பெருமாள்மலையில் இறக்கியது யாரை?

இந்த ஊர்ப் பள்ளிக்கூடத்து வீரம்மா டீச்சரையாம், அவருக்கும் பச்சை ஸ்வெட்டர்தான். ஞாயிற்றுக்கிழமை வீட்டுக்குப் போய்க்கொண்டிருந்தவர். சார் கூப்பிடுகிறார் என்றதும் ஹெட்மாஸ்டர்தான் ஆளனுப்பிவிட்டார் என்று பதறி இறங்கிவிட்டார். இப்போது அவன் கடையில் டீ குடித்துக்கொண்டே, எந்த சார், என்ன சார் என்று கேட்டுக் குடைகிறார். அடுத்த பஸ்ஸுக்கு இன்னும் நேரம் கிடக்கிறது. என்ன சொல்லட்டும் என்று கேட்டான் ராஜமுருகன்.

மணிமேகலை வாயைத் திறந்தாள். ஒன்றும் வரவில்லை. அவளுக்கே அது புதுசாக இருந்தது. விஷயத்தைக் கேட்ட மகாதேவி பூண்டுக் கையை நீட்டிப் போனை வாங்கிக்கொண்டாள்.

"டீச்சர், நான்தான் அந்தப் பச்சை ஸ்வெட்டர். மன்னிச்சுக்கோங்க, என்னைத் தேடப்போய் உங்களை இறக்கிட்டாங்க" என்றாள். அந்தப் பக்கத்துக் குரல் முதலில் உயர்ந்தது. பிறகு இறங்கியது. பிறகு சிரிப்புச் சத்தம் கேட்டது. "உங்களுதும் அதே கடையா? எனக்குக் கை கொஞ்சம் நீளம்தான், சுருட்டி விட்டிருக்கேன். உங்களுக்கு? ஆமா, சார்னா எங்க வீட்டுக்காரர். இங்கதான் உக்காந்திருக்கார், பேசாம." சுவாமிநாதன் தரையைப் பார்த்துச் சிரித்துக்கொண்டார்.

ஸ்வெட்டரிலிருந்து பேச்சு முழங்கால் வலிக்குப் போய், அங்கிருந்து பூண்டுக்கு வந்தது. அப்போதுதான் மகாதேவி காதிலிருந்து தள்ளிப் பிடித்திருந்த போன் குறுக்கே கிணுகிணுத்தது. திரையில் ஜோதிமணி அக்காவின் பெயர் மின்னுவது மணிமேகலைக்குத் தெரிந்தது. வந்தவர்களுக்குத் திருப்தியா என்று கேட்கத்தான் கூப்பிடுகிறாள். மணிமேகலை போனுக்காகக் கையை நீட்டினாள். மகாதேவி அதைக் கவனிக்கவில்லை.

"அடுத்த ஞாயித்துக்கிழமையும் நாங்க இங்கதான் டீச்சர். ரூமை இன்னும் ஒரு வாரம் கேக்கப் போறேன். எங்க மணிமேகலைதான் கூட்டிட்டுப் போவா. அரட்டைன்னா அரட்டை, அப்படிப் பேசுவா. நான் இன்னும் அவ பேச்சைச் சரியாக் கேக்கவே இல்ல, அவளும் என் பேச்சைக் கேக்கல. நீங்களும் வாங்களேன், மேல."

மணிமேகலை நீட்டிய கையை மடக்கிக்கொண்டாள். அக்காவின் பெயர் மின்னிவிட்டு அணைந்தது, மறுபடியும் மின்னியது. அவள் சாக்கு ஓரத்தில் சம்மணம் போட்டு உட்கார்ந்து, குவியலிலிருந்து ஒரு பூண்டை எடுத்துத் தேய்த்தாள். தோல் உரிந்து பனிக்காற்றில் எழும்பியது. பேசப் பேச ஆடிக்கொண்டிருந்த அந்தப் பச்சைக் கையில் போய் ஒட்டிக்கொண்டது.