இடப்பக்கத்து நிழல்

என் வேலை நிழல் அளப்பது. சொன்னால் சிரிப்பார்கள். என் நாத்தனார் இன்றும் சிரிக்கிறாள். "ஊரே வெயில்ல நின்னு சம்பாதிக்குது, நிழலை வெச்சுச் சம்பாதிக்கிற ஆளு நீங்க ஒருத்தர்தான் அண்ணி" என்பாள். அவள் பள்ளி வேன் ஓட்டுகிறாள். வெயிலும் டீசல் புகையும் குழந்தைகளின் கூச்சலும் அவள் பங்கு.

கடலுக்கு அப்பால் எண்ணெய் விற்கும் நாடு ஒன்று இருக்கிறது. அதன் துறைமுகத்தில் வட்ட வட்டமாக ராட்சதத் தொட்டிகள். அவற்றின் மூடி விளிம்பில் உட்காராது. எண்ணெயின் மேலேயே மிதக்கும். எண்ணெய் குறையக் குறைய மூடியும் உள்ளே இறங்கும். இறங்கிய மூடியின் மேல் தொட்டிச் சுவரின் நிழல் பிறையாக விழும். நிறைந்த தொட்டியில் அது நூல் மாதிரி ஒரு கோடு. காலித் தொட்டியில் கொழுத்த பிறை. தினமும் காலையில் ஒரே நேரத்துக்குச் செயற்கைக்கோள் அந்தப் பக்கம் போய்ப் படம் எடுக்கும். படம் எங்களிடம் வரும். நாங்கள் பிறையை அளந்து, யாரிடம் எவ்வளவு எண்ணெய் இருக்கிறது என்று விற்போம். அந்த நாட்டு அமைச்சர் வாய் திறக்காவிட்டாலும் அந்த நாட்டுச் சூரியன் சொல்லிவிடும்.

அளக்கும் அறையில் திரைச்சீலைகள் எப்போதும் மூடியே இருக்கும். பெரிய திரையின் நீல வெளிச்சத்தில் ஆளாளுக்கு ஒரு துறைமுகத்தின் மேல் மிதந்துகொண்டிருப்போம். மத்தியானம் ஆனால் எனக்கு உடம்பு நாற்காலியில் இருக்கிறதா, அந்த வெள்ளை மூடிகளின் மேல் நடக்கிறதா என்றே தெரியாது. மூடிகள் மெல்ல ஏறும், இறங்கும், மூச்சு விடுவது மாதிரி. செருப்பில்லாமல் ஒரு மூடியிலிருந்து இன்னொன்றுக்குத் தாவிப் போவதாகக் கனவுகூட வந்திருக்கிறது. கனவில் அவரும் வருவார்.

அவர் என்றால் என் வீட்டுக்காரர். அதே துறைமுகத்தில் பெயின்டர். அந்தத் துறைமுகம் என் பங்குக்கு வந்தது தற்செயல்தான். அவரிடம் சொல்லியிருக்கிறேன், ஆனால் அலுவலகத்தில் மூச்சு விடவில்லை. சொன்னால் வேறு துறைமுகத்துக்கு மாற்றிவிடுவார்கள். படத்தில் மனிதர்கள் தெரிய மாட்டார்கள்; அவ்வளவு உயரம். ஆனால் புதிதாக வெள்ளை அடித்த மூடி பளிச்சென்று இருக்கும். அங்கே அவர் போன வாரம் நின்றார் என்று நினைத்துக்கொள்வேன். அது போதுமா என்றால் போதாது. எத்தனை வருஷம் ஒரு பெண் வெள்ளைப் புள்ளியோடு குடித்தனம் பண்ணுவாள்?

அதைத்தான் போனில் கேட்டேன். இந்த ஒப்பந்தம் முடிந்ததும் வருகிறேன் என்றவர், "திரும்பவும் கையெழுத்துக் கேக்கறாங்க, என்ன பண்றதுன்னு யோசிக்கறேன்" என்றார். எனக்கு எங்கிருந்து கோபம் வந்ததோ.

"யோசிக்கறீங்களா? கையெழுத்துப் போட்டா அங்கேயே இருந்துக்கங்க. எனக்கு நீங்க வேண்டாம்."

"நாளைலேர்ந்து ஏதோ விசேஷ வேலையாம். எல்லார் போனையும் வாங்கி வெச்சுக்கறாங்க" என்று மட்டும் சொன்னார். வைத்துவிட்டார். சொன்னதைத் திரும்ப வாங்க எனக்கு வழியே இல்லாமல் போயிற்று. அவர் வருவாரா, கையெழுத்துப் போட்டுவிடுவாரா என்பதைத் தவிர அதன்பின் என் தலையில் ஒன்றும் ஓடவில்லை.

அது எண்ணெய் நாடுகள் எல்லாம் கூடிப் பேசப்போகிற சமயம். அவர்கள் ஒரு மேசையைச் சுற்றி உட்கார்ந்து, குழாயைக் கொஞ்சம் திருகி மூடலாம் என்று சொன்னால் போதும், இங்கே என் நாத்தனாரின் வேனில் டீசல் விலை ஏறிவிடும். கூட்டத்துக்கு முந்தைய வாரத்தில் என் துறைமுகத்தில் பிறைகள் கொழுக்க ஆரம்பித்தன. இன்றைக்கு ஒரு வரிசை, நாளைக்கு ஒரு வரிசை. எல்லாம் காலி. எங்கள் மேலாளர் கண்ணாடிக்குள் உருண்டைக் கண் வைத்திருப்பார். ஆந்தை சார் என்போம். அவருக்கு வியர்த்துவிட்டது.

"இவ்வளவு எண்ணெயும் எங்கம்மா போச்சு? கப்பல் வந்த மாதிரியே தெரியலையே."

"தெரியல சார். நிழல் அப்படித்தான் இருக்கு."

செய்தி பரவியது. விலை ஏறியது. முந்தின நாள்வரை அந்த நாட்டைத் திட்டிக்கொண்டிருந்த பெரிய நாட்டுத் தலைவர் ஒருவர் விமானம் ஏறிப் போய்க் கைகுலுக்கினார். திட்டியதெல்லாம் நட்பின் உரிமையில் சொன்னதாம். அமைச்சர் பல் தெரியச் சிரித்தார். கையில் சரக்கு இல்லை என்றால் அவ்வளவு மரியாதை.

மறுநாள் படத்தில் கடைசி வரிசைக்கு வந்தபோது என் கை நின்றுவிட்டது. காலைச் சூரியனுக்கு எல்லாப் பிறையும் வலப்பக்கம்தான் விழும். ஒரே ஒரு தொட்டியில் மட்டும் கொழுத்த பிறை இடப்பக்கம் இருந்தது. பெரிதாக்கிப் பார்த்தேன். வலப்பக்கமும் நூல் மாதிரி ஒரு கோடு. ஒரு மூடிக்கு இரண்டு நிழல். சூரியன் ஒன்றுதானே?

நூல்தான் நிஜம். கொழுத்த பிறை பெயின்ட். நிறைந்த தொட்டிகளின் மேல் கறுப்பு அடித்து, காலி என்று உலகத்தின் காதில் பூச் சுற்றிக்கொண்டிருக்கிறார்கள். படம் எடுக்கும் நேரம் மாறாது என்பதால் பெயின்ட் நிழல் நகராவிட்டாலும் யாருக்கும் தெரியாது. விசேஷ வேலை என்றாரே, இதுதான்.

இடப்பக்கத்தில் பிறை போட்டது யார் என்று எனக்குச் சொல்ல வேண்டியதில்லை. இவருக்கு இடது வலது தெரியாது. கல்யாணமான புதிதில் வேனில் போகும்போது வலது என்று சொல்லிக்கொண்டே இடப்பக்கம் கை காட்டுவார். "அண்ணன் வாயைக் கேக்காதீங்க அண்ணி, கையைப் பாருங்க" என்று நாத்தனார் எனக்குச் சொல்லிக்கொடுத்த முதல் பாடமே அதுதான். அந்த நீல அறையில் உட்கார்ந்து வாய்விட்டுச் சிரித்தேன். மனுஷன் நன்றாக இருக்கிறார். அந்த மூடிமேல்தான் நின்றிருக்கிறார்.

சிரிப்பு அடங்கியதும்தான் யோசித்தேன். நான் இதைச் சொன்னால் ஊருக்கே குட்டு வெளிப்படும். அந்தத் தொட்டிக்கு யார் பெயின்ட் அடித்தது என்று அங்கே கேட்பார்கள். அவரை என்ன செய்வார்கள்? அந்தத் தொட்டிக்கு நேராக 'மேகம்' என்று போட்டேன். மேகம் மறைத்தால் அளக்க முடியாது, யாரும் கேள்வி கேட்க மாட்டார்கள். வானம் துடைத்துவிட்ட மாதிரி இருந்த நாள் அது.

விலை இன்னும் ஏறியது. சாயங்காலம் நாத்தனார் வேன் சாவியை மேசைமேல் போட்டுவிட்டு உட்கார்ந்தாள்.

"பாதிப் புள்ளைங்க நின்னுடுச்சு அண்ணி. கட்டணம் ஏத்தினா நடந்தே போறோம்னு சொல்றாங்க. வண்டியைக் குடுத்துடலாமான்னு பாக்கறேன்."

"கொஞ்சம் பொறு. எறங்கும்."

"எறங்கும்னு உங்களுக்கு யாரு சொன்னா? அந்த அமைச்சரா?"

அண்ணனைக் காப்பாற்றத் தங்கையின் சோற்றில் மண்ணைப் போடுகிறேன் என்று அவளிடம் எப்படிச் சொல்வது? அன்றைக்குக் கனவில் எல்லா மூடிகளிலும் பிறைகள் நின்றன. கீழே எங்கும் எண்ணெய் தளும்பிக்கொண்டிருந்தது. நான் அவரைக் கூப்பிடக் கூப்பிட அவர் தப்பான பக்கமே திரும்பிக்கொண்டிருந்தார்.

காலையில் புதுப் படம் வந்தது. பக்கத்துத் தொட்டியிலும் பிறை இடப்பக்கம். அதோடு விட்டாரா? அது மூடியில் முக்கால்வாசியை விழுங்கியிருந்தது. அளவுகோலை வைத்தேன். அவ்வளவு பெரிய நிழல் விழ வேண்டும் என்றால் மூடி தரையைத் துளைத்துக்கொண்டு பாதாளத்துக்கு இறங்கியிருக்க வேண்டும். இது இடது வலது தெரியாத குழப்பம் இல்லை. உயரத்தில் இருக்கும் ஒருத்திக்குக் கேட்கட்டும் என்று ஒரு மனுஷன் தொண்டை கிழியக் கத்துகிறார்.

பாஸ்போர்ட் கம்பெனியிடம். போன் கம்பெனியிடம். அவரிடம் இருந்ததெல்லாம் ஒரு வாளி கறுப்பு. சொல்லிவிடு என்கிறார் என்று எனக்குப் புரிந்தது. எழுந்து போய் ஆந்தை சாரைக் கூட்டி வந்து காட்டினேன். அவர் வெகுநேரம் குனிந்தே இருந்தார்.

"பெயின்ட்டா?"

"பெயின்ட்டுதான் சார். எல்லா டேங்கும் நெறஞ்சிருக்கு."

"நேத்து இந்த முதல் டேங்குக்கு மேகம்னு போட்டிருக்கீங்களே."

"ஆமாம் சார். என் கண்ணுல மேகம்."

என்னை ஒரு மாதிரிப் பார்த்தார். அதற்குமேல் கேட்க அவருக்கு நேரமில்லை, ஓடிவிட்டார்.

சாயங்காலத்துக்குள் விலை தடதடவென்று இறங்கியது. கூட்டத்தில் மற்ற எண்ணெய் நாடுகள் இந்த நாட்டைச் சுற்றி வளைத்துக்கொண்டு கேள்வி கேட்டன. கைகுலுக்கிய தலைவர் பழையபடி திட்ட ஆரம்பித்தார். எங்கள் துறைமுகத்தில் அப்படி ஒரு வேலையே நடக்கவில்லை, அங்கே பெயின்டர்களே கிடையாது என்றார் அமைச்சர். அடுத்த படத்தில் எல்லா மூடியும் ஒரே வெள்ளை. எந்தப் பக்கமும் பிறை இல்லை. அவரிடமிருந்து சத்தமும் இல்லை. நானே அவரைப் பிடித்துக் கொடுத்துவிட்டேனோ என்று உள்ளுக்குள் செத்துக்கொண்டிருந்தேன். சமைத்தேன், சாப்பிடவில்லை. வாசலில் செருப்புச் சத்தம் கேட்டால் எழுந்தேன். நாத்தனார் ஒன்றும் கேட்காமல் எனக்கும் சேர்த்துப் பாத்திரம் கழுவினாள்.

பெயின்டர்களே கிடையாது என்று சொல்லியாகிவிட்டதல்லவா, அதை நிஜமாக்க அத்தனை பேர் கையிலும் பாஸ்போர்ட்டைத் திணித்து விமானம் ஏற்றிவிட்டிருக்கிறார்கள். நாத்தனார் வேனில் கூட்டி வந்தாள். இறங்கி நின்றவர் இளைத்திருந்தார். மணிக்கட்டில் கறுப்பு இன்னும் போகவில்லை. அவரைப் பார்த்ததும் எனக்கு அழுகைதான் வந்தது. திட்டுவதற்குச் சேர்த்து வைத்ததெல்லாம் மறந்துபோயிற்று.

நாத்தனார் உள்ளே போனபின் கேட்டேன். "ரெண்டும் வேணும்னேதானே போட்டீங்க?"

"இல்ல. மொதல்ல போட்டது நெஜமாவே தப்பு." வெட்கமாகச் சிரித்தார். "அடுத்த டேங்க் ஏணியில ஏறிப் பாத்தப்பதான் தெரிஞ்சுது. தொலைஞ்சோம்னு நெனச்சேன். இப்ப வருவாங்க, அப்ப வருவாங்கன்னு உக்காந்திருந்தேன். யாரும் வரல. ரேடியோல டேங்க் எல்லாம் காலின்னே சொல்லிட்டிருந்தான். அப்பதான் புரிஞ்சுது."

"என்ன புரிஞ்சுது?"

"நீ பாத்துட்டே. பாத்துட்டு மறைச்சிட்டே." தரையைப் பார்த்துக்கொண்டே சொன்னார். "வேண்டாம்னு சொன்னவ மறைப்பாளா? அதுக்கப்புறம் எனக்கு அங்க இருப்பே கொள்ளல. அதான் ரெண்டாவது."

கறுப்பு ஒட்டிய அவர் கை ஒன்றைப் பிடித்துக்கொண்டேன். கொஞ்ச நேரம் கழித்து, "இது எந்தக் கை, சொல்லுங்க பாக்கலாம்" என்றேன்.

இரண்டு கைகளையும் மாறி மாறிப் பார்த்தார். நிஜமாகவே யோசித்தார்.

"நீ பிடிச்சிருக்கற கை" என்றார்.