எல்லார் கூரையும்

விடியும்போதே வங்காளத்துக் கார்டன் ரீச் துறையில் கப்பலுக்குக் கரி ஏற ஆரம்பித்துவிட்டது. மழையில் ஊறிய நிலக்கரி கழுத்தை முறிக்கும். திருவேங்கடம் கூடையோடு பலகைமேல் ஏறினான். கரித்தண்ணீர் கண்ணில் வழிந்தது. துடைக்கக் கை ஏது? பாதியில் யாரோ கத்தினார்கள், குடிசைப் பஸ்திக்கு நாயேப் வந்திருக்கிறான் என்று. கூடையைக் கொட்டிவிட்டு ஓடினான்.

நாயேப் என்றால் ஜமீன்தாரின் காரியஸ்தன். ஜமீன்தாரை அந்தக் குடிசைகளில் யாரும் கண்டதில்லை. கடவுளைப் போல அவரும் ஆள் வைத்துத்தான் ஆண்டார். மண் அவருடையது. மேலே நட்ட மூங்கிலும் வேய்ந்த ஓடும் குடியிருப்பவனுடையவை. காலி செய்கிறவன் தன் கூரையைத் தானே பிரித்துக்கொண்டு போகலாம். பிரித்தால் மனையை ஒப்படைத்ததாக அர்த்தம். அதுதான் அங்கே வழக்கம்.

மண்ணைச் சணல் ஆலைக்கு விற்றாகிவிட்டது என்றான் நாயேப், குடைக்குள் நின்றபடி. சாயங்காலத்துக்குள் பிரிப்பவர்களுக்குக் கால்வாய் ஓரம் வேறு மனை, மற்றவர்களுக்குத் தடியாட்கள்.

திருவேங்கடம் தெரிந்த இந்தியில் கெஞ்சினான். "பாபு, என் பொண்டாட்டி பெத்து மூணு நாள்தான் ஆவுது. ஜுரம் அனலாக் கொதிக்குது. கொஞ்சம் டயம் கொடுங்க."

"அதுக்கு மண் என்ன பண்ணும்? எல்லாருக்கும் முன்னால நீ பிரி. மேட்டு மனை உனக்கு. வண்டியும் தரேன்."

பயம் மனிதனைப் படுத்தும் பாடு கொஞ்சமா? கூரைமேல் ஏறிவிட்டான். பக்கத்து வீட்டு அப்பன்னா, விசாகப்பட்டணத்துக்காரன், அதே பலகையில் கரி சுமப்பவன், காலைப் பிடித்து இழுத்தான். ஒருவன் பிரித்தால் எல்லாருக்கும் போச்சு என்றான். திருவேங்கடம் அவன் முகத்தில் உதைத்தான். ஓடுகள் வண்டியில் ஏறின. உள்ளே நாகலக்ஷ்மி பிள்ளையை அணைத்துக்கொண்டு தலைக்குமேல் திறந்த வானத்தைப் பார்த்தாள்.

கால்வாய் ஓரம் மேட்டு மனை என்று வண்டிக்காரன் காட்டிய இடத்தில் இடுப்பளவு தண்ணீர் நின்றது. வடிந்ததும் வா என்று சொல்லி, அவன் ஓடுகளோடு ஜமீன் கிடங்குக்குப் போய்விட்டான்.

திரும்பி வந்தபோது மழை கொட்டியது. நாகலக்ஷ்மி பிள்ளைமேல் கவிந்து படுத்திருந்தாள்; முதுகெல்லாம் மழை. திருவேங்கடம் வாசலில் உட்கார்ந்து வாய்விட்டு அழுதான்.

அப்பன்னா வந்தான். உதடு வீங்கியிருந்தது. திட்டப்போகிறான் என்று பார்த்தால், மார்போடு அணைத்துவந்த ஓடுகளை இறக்கினான். "என் கூரைலேருந்து எடுத்தேன். ஏறு, நான் எடுத்துத் தரேன்."

"உன் வீடு ஒழுகுமே, அண்ணே."

"ஒழுகட்டும். எல்லார் வீடும் கொஞ்சம் கொஞ்சம் ஒழுகட்டும்."

அவனுக்குப் பின்னால் சந்து நிறைய ஆட்கள் வந்தார்கள். பீகாரி, ஒரியாக்காரன், வங்காளி, எல்லார் கையிலும் ஓடு. திருவேங்கடம் யார் முகத்தையும் பார்க்க முடியாமல் மேலே ஏறினான்.

மறுநாள் ஒருவரும் கரி சுமக்கப் போகவில்லை. நாயேப் தடியாட்களோடு வந்தான். பிரித்த வீட்டின்மேல் புதிதும் பழசுமாகக் கூரை நின்றது.

"மனையை விட்டுட்டவன் வீட்டுல இது யார் கூரை?"

திருவேங்கடம் முன்னால் வந்தான். "எல்லார் கூரையும் இதுல இருக்கு, பாபு. பிரிக்கணும்னா பஸ்தி மொத்தத்தையும் பிரிக்கணும்."

தடியாட்கள் சந்தில் நிறைந்திருந்த கூட்டத்தைப் பார்த்தார்கள். நாயேப், நாளைக்குப் போலீஸோடு வருவதாகச் சொல்லிவிட்டுப் போனான். வருவான், சந்தேகமே இல்லை.

உள்ளே பிள்ளை பாலுக்கு அழுதது. அப்பன்னா தன் வீட்டு ஒழுகலுக்குச் சட்டி வைக்கப் போனான். திருவேங்கடமும் ஒரு சட்டியை எடுத்துக்கொண்டு அவன் பின்னால் நடந்தான்.