டப்பிங்கில் பார்த்துக்கொள்ளலாம்

என் அண்ணன் எடுக்கும் படங்களில் யாரும் லேசில் வாயைத் திறக்கமாட்டார்கள். ஒருத்தர் கதவைத் திறப்பார், உட்காருவார், ஜன்னலைப் பார்ப்பார். பார்க்கிற நமக்குக் கொட்டாவி வந்து போய், அப்புறம் திரையை விட்டுக் கண்ணை எடுக்க முடியாது. வெளிநாட்டுத் திரைப்பட விழாக்களில் எழுந்து நின்று கைதட்டுவார்கள். ஆசிய சினிமாவின் பெரிய இயக்குநர்கள் என்று யார் எழுதினாலும் அவன் பெயர் இருக்கும். ஊர் மெச்சி என்ன செய்ய? எங்கள் அப்பா மட்டும் ஒரு படமும் பார்த்ததில்லை. வங்கி வேலையை உதறிவிட்டு அண்ணன் கேமராவைத் தூக்கிய அன்றே சொல்லிவிட்டார்.

"நீ எடு, வேண்டாங்கல. என்னைப் பாக்கக் கூப்பிடாத."

சொன்ன சொல்லில் குத்துக்கல்லாட்டம் நின்றார். பேருந்து ஓட்டிய மனுஷன். பிரேக்கில் வைத்த காலை எடுக்கவே மாட்டீர்களா என்று நான் கேலி செய்வேன். அண்ணனும் லேசுப்பட்டவன் இல்லை. விருது வாங்கி வந்தால் அதை என் வீட்டு அலமாரியில் வைத்துவிட்டுப் போவான். அவன் படங்களுக்கு நான்தான் எடிட்டர். அவர்கள் இரண்டு பேருக்கும் நடுவில் தூது போவதும் நான்தான். இதில் எந்த வேலை என் தலையை நரைக்க வைத்தது என்று கேட்டால் யோசிக்காமல் சொல்வேன்.

அண்ணனின் புதுப் படத்தில் தகப்பனாக நடிக்க வேண்டியவர் கடைசி நேரத்தில் படுக்கையில் விழுந்தார். அப்பாவைக் கேட்டுப் பார் என்று அண்ணன் சொன்னபோது, உனக்கு வேறு ஆளே கிடைக்கவில்லையா என்று திட்டினேன். ஆனாலும் போய்க் கேட்டேன். அப்பா சட்டைப் பொத்தானைத் திருகினார்.

"வசனமெல்லாம் எனக்கு மனசுல நிக்காதே."

"நிக்க வேணாம்ப்பா. அவன் சொல்லச் சொல்ல நீங்க வாயை அசைச்சாப் போதும். குரலை அப்புறம் சேத்துக்குவோம்."

எங்கள் தொழிலில் அதுதான் வழக்கம். படப்பிடிப்பில் பதிவாகும் சத்தத்தைப் பைலட் ட்ராக் என்போம். ஜெனரேட்டர் இரைச்சல், வண்டிச் சத்தம், இயக்குநரின் கத்தல் எல்லாம் அதில் கிடக்கும். வாயசைவுக்கு அடையாளம், அவ்வளவுதான். பிறகு நடிகர் ஸ்டூடியோவுக்கு வந்து, திரையில் தன் வாயைப் பார்த்துத் திரும்பப் பேசுவார். எது தப்பினாலும் "டப்பிங்ல பாத்துக்கலாம்" என்று அடுத்த ஷாட்டுக்குப் போய்விடுவோம். அப்பா டப்பிங்குக்கு வருவதற்குள் செத்துப்போனார். சாப்பிட்டுப் படுத்தவர் எழுந்திருக்கவில்லை.

கடைசிக் காட்சியைச் சத்தத்தை அடைத்துவிட்டுத்தான் வெட்டினேன். அவர் குரலைக் கேட்டால் எனக்குக் கை ஓடாது. வாய் அசைகிறது, வசனம் தாளில் இருக்கிறது, போதாதா?

காட்சி இதுதான். பாடகனான மகன் ஊரைவிட்டுப் போகிறான். ரயில் நிலைய பெஞ்சில் உட்கார்ந்து தகப்பன் சொல்கிறார்: "நீ பாடி நான் கேட்டதே இல்லப்பா. கேட்டிருக்கணும்." இதை அண்ணன் யாரை நினைத்து எழுதினான் என்று எனக்குத் தெரியாதா? தனக்குக் கிடைக்காத ஒரு வார்த்தையை எழுதி, அதை அப்பா வாயிலேயே வைத்துவிட்டான். பாவி.

அப்பாவுக்குக் குரல் கொடுக்க ஒரு டப்பிங் கலைஞரை வரவழைத்தோம். இரக்கமான குரல். நாலைந்து தடவை பேசிப் பார்த்துவிட்டுக் கண்ணாடிக்கு அந்தப் பக்கம் தலையை ஆட்டினார்.

"வாய்க்கு உக்காரல மேடம். வசனம் முடிஞ்சும் அவர் வாய் அசைஞ்சுக்கிட்டே இருக்கு."

"அப்பா எதையாவது உளறியிருப்பார்," என்றான் அண்ணன். "வேற டேக்கும் கிடையாது. பைலட்டைப் போடு பாப்பா."

படப்பிடிப்பு அன்றைக்குக் கேமரா எதிர் நடைமேடையில் இருந்தது. அங்கிருந்து அண்ணன் ஒலிபெருக்கியில் வசனம் சொன்னான். மகனாக நடித்தவர் வரவில்லை. அதனால் அப்பா, கேமராவுக்குப் பக்கத்தில் நின்ற அண்ணனைப் பார்த்துத்தான் பேசினார். ஒலிப்பதிவுக் கருவி அவர் சட்டைப் பையில் இருந்தது. அண்ணன் நின்ற இடத்தில் அவர் பேசியது கேட்டிருக்கவே கேட்டிருக்காது.

நான் போட்டேன். ஜெனரேட்டர் இரைந்தது. தூரத்தில் அண்ணன் குரல்: "நீ பாடி நான் கேட்டதே இல்லப்பா." பிறகு அப்பா, பக்கத்து நாற்காலியில் இருப்பதுபோல.

"பாத்தேன்டா பெரியவனே."

நான் ஒலியைக் கூட்டினேன்.

"எல்லாப் படத்தையும் பாத்தேன். மத்தியான ஆட்டத்துக்குப் போவேன். நாலு பேர் இருப்போம், அதுலயும் ஒருத்தன் தூங்கிடுவான்."

"கேட்டிருக்கணும், சொல்லுங்கப்பா," என்று ஒலிபெருக்கி கத்தியது.

"உன் தங்கச்சிகிட்டகூடச் சொல்லல. அவ வாய் சும்மா இருக்காது. உன் மொதல் படத்துல, கடைசியில அந்தப் பையன் திரும்பி வந்து வீட்டு வாசல்ல நிக்கிறான் பாரு, கதவைத் தட்டாம. அதைப் பாத்தப்போ எனக்கு…"

"கட். கட். வெளிச்சம் போயிடுச்சு. டப்பிங்ல பாத்துக்கலாம்ப்பா."

அந்தக் கத்தலுக்கு அடியில் அப்பா இன்னும் பேசிக்கொண்டிருந்தார். ஒரு வார்த்தையும் பிடிபடவில்லை. கத்தல் ஓய்ந்ததும் "சரிப்பா" என்றார். சட்டை உரசும் சத்தத்தோடு அது முடிந்துவிட்டது.

அண்ணன் எழுந்து என் நாற்காலியின் முதுகைப் பிடித்துக்கொண்டான்.

"என் குரலை மட்டும் எடுத்துடு."

"ஒரே மைக்டா அண்ணா."

"எடுத்துப் பாரு பாப்பா."

எனக்குத் தெரிந்த எல்லாவற்றையும் செய்து பார்த்தேன். அவனைக் குறைத்தால் அப்பாவும் குறைந்தார். டப்பிங் கலைஞர் யாரும் சொல்லாமலே திரைக்குக் கிட்டே போய் அப்பாவின் உதட்டை உற்றுப் பார்த்தார். ஊமைப் படத்திலும் வசனத்தைப் பிடித்துவிடுகிற மனுஷன். திரும்பி வந்து மெதுவாகச் சொன்னார்.

"அந்த இடத்துல வெளிச்சம் இல்ல சார். முகமே தெரியல."

பிறகு தன் பையை எடுத்துக்கொண்டு கிளம்பினார். அவரை இருக்கச் சொல்லவில்லை. அந்தக் காட்சியில் அப்பா குரல்தான் இருக்கும் என்று அண்ணன் சொல்லிவிட்டான். படத்தில் மகன் பாடகனாயிற்றே, பொருந்தாதே என்றேன்.

"பொருந்தலன்னா போகுது."

அப்புறம் தரையில் உட்கார்ந்துகொண்டான். விழா மேடைகளில் அவனைப் பார்த்தவர்கள் அந்த நேரம் பார்த்திருந்தால் அடையாளம் கண்டிருக்கமாட்டார்கள்.

"அவருக்கு என்ன ஆச்சு பாப்பா? அந்தப் பையன் வாசல்ல நிக்கிற இடத்துல?"

"அழுகை வந்திருக்கும்டா. வேற என்ன?"

"தெரியாம சொல்லாத."

நான் ட்ராக்கைத் திரும்ப ஆரம்பத்துக்குக் கொண்டுபோனேன்.

"தூக்கம் வந்துச்சுன்னு சொல்லியிருந்தாக்கூடப் போதும்," என்றான். "எதுவா இருந்தாலும் சரி. இன்னொரு தடவ போடு."

போட்டேன். பையன் திரும்பி வந்து வாசலில் நிற்பதை அப்பா சொல்ல ஆரம்பித்தார். ஒலிபெருக்கியில் அண்ணன் "கட்" என்று கத்தினான்.