சத்தமில்லாமல் வந்த படகு

தேங்காய்த்திட்டு துறைமுகத்தில் மெரினுக்குப் பெரிய பெயர். முகத்துவாரத்தில் ஒரு விசைப்படகு தலையைக் காட்டினால் போதும், ஏலம் நடக்கிற கொட்டகைப் படியில் நிற்கும் அந்த இரண்டாம் வகுப்புப் பெண் அதன் பெயரைச் சொல்லிவிடுவாள். மீனவர் சங்கத்தில் பேசி வைத்தபடி எல்லாப் படகுக்கும் ஒரே பச்சை. முனையில் வெள்ளையில் எழுதியிருக்கும் பெயரைப் படித்தால்தான் எது யாருடையது என்று தெரியும். அந்தத் தூரத்தில் பெரியவர்கள் கண்ணுக்கே அது எட்டாது.

"ஏ மெரினு, அது யாரு போட்டு?" என்று மீன் வாங்க வந்த தையல்நாயகி கேட்பாள்.

"அங்காளம்மன், அத்தை."

"கழுகுக் கண்ணுடி இதுக்கு. எம் புள்ள ஆறாவது படிக்கிறான், பஸ்ஸு போர்ட பாருடான்னா கண்டக்டரக் கேக்கறான்."

மெரினின் அப்பா அருள்பிரகாஷ் அங்கே இன்ஜின் மெக்கானிக். பேச்சு குறைவு. இதையெல்லாம் கேட்டுச் சிரிக்கக்கூட மாட்டான். ஆனால் அன்றைக்கு முழுக்க அவன் நடையே வேறாக இருக்கும்.

அதனால்தான் பள்ளிக்கூடத்தில் செந்தமிழ்ச்செல்வி டீச்சர் கூப்பிட்டுச் சொன்னதை அவனால் ஏற்க முடியவில்லை.

"மெரின் படிக்கல சார். நான் ஒருவாட்டி வாசிச்சா அப்படியே ஒப்பிச்சிடறா. பக்கத்த மாத்திக் குடுத்தாலும் அதே பாடத்தத்தான் சொல்றா."

"துறைமுகத்துல அவ்ளோ தூரத்துலேர்ந்து போட்டு பேரு படிக்கிறா டீச்சர். கோயில்ல புஸ்தகத்தப் பாத்துதான் பாடறா."

டீச்சர் வாதாடவில்லை. "அடுத்த வருஷம் மூணாவது. பாடமெல்லாம் நீளமா இருக்கும், மனப்பாடத்துல ஓட்ட முடியாது. மார்க்கு போனா போவுது. நான் மக்குன்னு அவளே முடிவு கட்டிடுவா. அப்புறம் யாராலயும் அத மாத்த முடியாது" என்றாள்.

வீட்டுக்கு வந்து மனைவி ஜோவிதாவிடம், "வேற ஸ்கூலு பாக்கலாம்" என்று மட்டும் சொன்னான். டீச்சரின் கடைசிச் சொல் மட்டும் முள்ளாக உள்ளே நின்றது.

அந்தச் சனிக்கிழமை மெரின் வழக்கம்போல் படியில் நின்றாள். ஒரு படகு திரும்பி உள்ளே வந்தது.

"வேளாங்கண்ணி மாதா" என்றாள்.

தையல்நாயகி கூடையைக் கீழே வைத்தாள். "இன்னாடி சொல்ற? அந்தப் போட்டத்தான் பலகை பலகையாப் பிரிச்சி வித்துட்டாங்களே. பேயா வருது?"

சுற்றி நின்றவர்கள் சிரித்தார்கள். படகு நெருங்கியது. முனையில் முழங்கை நீள எழுத்தில் 'செங்கழுநீர் அம்மன்' என்று இருந்தது. மெரின் அந்த எழுத்துகளை நேராகப் பார்த்தபடியே நின்றாள். பார்த்தும் அவளுக்குத் தான் சொன்னது தவறென்று தெரியவில்லை.

அருள்பிரகாஷுக்கு மட்டும் சிரிப்பு வரவில்லை. பிரித்துப்போட்ட வேளாங்கண்ணி மாதாவின் இன்ஜினை அந்த வாரம்தான் செங்கழுநீர் அம்மனில் ஏற்றியவன் அவன்தான்.

பைக்கில் வீடு திரும்பும்போது வண்டியின் வேகத்தைக் குறைத்தான். பிறகு கேட்டான்.

"போட்டு பேர எப்படிம்மா கண்டுபிடிக்கிற?"

"நீ எப்டிப்பா கண்டுபிடிப்ப?"

அவன் யோசித்தான். "சத்தத்த வச்சிதான்."

"நானும்தான். அதான படிக்கிறது?"

எந்தப் படகின் எழுத்தையும் அவனும் ஏறிட்டுப் பார்த்ததில்லை. அதனால்தான் மகள் பார்க்காததும் அவனுக்குத் தெரியாமல் போயிற்று. அதே சமயம், இத்தனை இன்ஜின்களை ஒரு குழந்தை காதிலேயே பிரித்து வைத்திருக்கிறதே என்ற திகைப்பும் அடங்கவில்லை.

திங்கட்கிழமை அவனே போய் டீச்சரிடம் எல்லாவற்றையும் சொன்னான். திட்டுவாள் என்று நினைத்தான். அவள் முகம் மலர்ந்தது.

"இது தெரியாம நான் கண்ணு வழியா இழுத்துகினு இருந்தேன். காதுலேர்ந்தே ஆரம்பிக்கலாம் சார்."

ஒரு சொல்லை மெரின் வாயால் சொல்ல வேண்டும். அதில் எத்தனை ஒலி கேட்கிறதோ அத்தனை புளியங்கொட்டை வைக்க வேண்டும். பிறகு ஒவ்வொரு கொட்டைக்குக் கீழும் அந்த ஒலிக்கான எழுத்தை எழுத வேண்டும். டீச்சர் இனி எந்தப் பாடத்தையும் அவளுக்கு முதலில் வாசித்துக் காட்டுவதில்லை.

மாலைகளில் மெரின் வீட்டுத் தரையில் அதையே செய்வாள். உதடு அசையும், விரல் நிற்கும், மறுபடி உதடு அசையும். சில நாள் அழுதாள். சில நாள் கொட்டைகளை வீசியடித்துவிட்டு, கட்டிலுக்கடியில் புகுந்து தானே பொறுக்கிவந்தாள். அருள்பிரகாஷ் சுவரோரம் உட்கார்ந்து பார்த்துக்கொண்டிருப்பான். காற்றில் கரைந்துபோகிற பேச்சைக் கழற்றி, ஒவ்வொரு துண்டுக்கும் ஓர் உருவம் கண்டு, மறுபடி பூட்டுகிறாள். ஊரில் எல்லாரும் சின்ன வயதில் இதைச் செய்துவிட்டு மறந்துபோகிறார்கள். தானும் ஒரு காலத்தில் இதைச் செய்திருப்போம் என்பதே அவனுக்கு நம்பமுடியாததாக இருந்தது.

பள்ளி ஆண்டு முடிகிற சமயம் ஒரு நாள் துறைமுகத்தில் அவனை அவசரமாகக் கூப்பிட்டார்கள். மெரினும் கூட இருந்தாள். முகத்துவாரத்தில் இன்ஜின் சத்தம் கேட்டது.

"அங்காளம்மன்" என்றாள். பிறகு, "பின்னாடி ஒண்ணு வருதுப்பா."

அங்காளம்மன் கயிறு கட்டி இன்னொரு படகை இழுத்து வந்தது. காரைக்கால் படகாம், கடலில் இன்ஜின் நின்றுவிட்டதாம். இந்தத் துறைக்கு அது வந்ததே இல்லை. ஒரு சத்தமும் இல்லாமல் வந்து கரையோரம் முட்டி நின்றது.

மெரின் அதையே பார்த்தாள். தையல்நாயகி முந்திக்கொண்டு பெயரைப் படித்துச் சொல்ல வாயெடுத்தாள். அருள்பிரகாஷ் கையை உயர்த்தினான். அவள் வாயை மூடிக்கொண்டாள்.

"மேஸ்திரி, எறங்கி வாப்பா. ஐஸெல்லாம் கரையுது" என்று படகிலிருந்து டிரைவர் கத்தினான். அருள்பிரகாஷ் ஸ்பேனரைப் பிடித்தபடி நகராமல் நின்றான்.

"கா... ர்..." மெரினின் விரல் தொடையில் தட்டியது. "கார்த்தி." சொன்னவள் நிறுத்தினாள். எழுத்து வேறு என்னவோ சொல்லியது. யாரும் சொல்லாமலே இல்லையென்று தலையை ஆட்டி, முதலிலிருந்து தொடங்கினாள்.

"இன்னாய்யா வேடிக்க பாக்கற?" என்றான் டிரைவர்.

"கார்... மு... கி..." விரல் அடுத்த எழுத்துக்காகத் தொடையிலேயே நின்றது.

"கார்முகில்."

சரியா என்று அவள் அப்பாவின் முகத்தைப் பார்க்கவில்லை. சரிதான் என்று அவளுக்கே தெரிந்திருந்தது. படகை முழுசாக ஒருமுறை பார்த்துவிட்டு அவன் சட்டையை இழுத்தாள்.

"சீக்கிரம் சரிபண்ணுப்பா. கார்முகிலு சத்தம் எப்டி இருக்கும்னு கேக்கணும்."