வழி விட்டது யார்?

அடுத்தவர் விஷயத்தில் மூக்கை நுழைக்க அரசாங்கமே சம்பளம் கொடுக்கும் வேலை என்னுடையது. மேம்பாலத்துக்கு நிலம் எடுக்கிறார்கள் என்றால், எந்த மனைக்கு எவ்வளவு நஷ்டஈடு என்று நான்தான் போய்ப் பார்த்து முடிவு செய்ய வேண்டும். மேலதிகாரி அதிகம் என்பார், மனைக்காரர் குறைவு என்பார். மத்தளத்துக்கு இரண்டு பக்கமும் இடி. ஆனாலும் இந்த வேலையை விட எனக்கு மனம் வராது. ஒரு மனையை அளக்கப் போனால் ஒரு குடும்பத்தையே தெரிந்துகொண்டு வரலாம்.

மேம்பாலம் வரப்போகும் ஒரு தெருவில் முன்மனை தம்பிக்கு, பின்மனை அக்காவுக்கு. தம்பி கார்களுக்குப் பெயின்ட் அடிப்பவர், அக்கா மெத்தை தைப்பவர். பக்கத்துப் பக்கத்தில் வைக்கவே கூடாத தொழில்கள். ஈரப் பெயின்ட்டில் துளிப் பஞ்சு ஒட்டினால் போதும், கதவு முழுவதையும் தேய்த்துவிட்டு மறுபடி அடிக்க வேண்டும். அக்கா தெருவுக்கு வரவோ தம்பியின் பட்டறையை ஒட்டிய சந்து தவிர வேறு வழி இல்லை.

முதல் நாள் போனபோது, சந்து யாருடையது என்று தம்பியைக் கேட்டேன். தன்னுடையதுதான் என்றும், கூடப்பிறந்த பாவத்துக்கு அக்காவை நடக்க விட்டிருப்பதாகவும் சொன்னார். சொல்லி வாய் மூடவில்லை, அக்கா மெத்தையைச் சுருட்டித் தோளில் போட்டுக்கொண்டு சந்தில் வந்தார். தம்பி துள்ளி எழுந்து, இது என்ன பொதுவழியா, திரும்பிப் போ என்று கத்தினார். செவிடன் காதில் ஊதிய சங்குதான். அக்கா பாட்டுக்குத் தெருவில் இறங்கிப் போய்விட்டார். பக்கத்துக் கடைக்காரரிடம் மெதுவாகப் பேச்சுக் கொடுத்தேன். அப்பா செத்ததிலிருந்து தினமும் இதே கச்சேரிதான் என்றார். அக்கா தம்பியிடம் ஒரு வார்த்தை பேசி யாரும் கேட்டதில்லையாம்.

எனக்குக் குறுகுறுப்புத் தாங்கவில்லை. இந்த மனுஷர் வழி விட்டாரா, விடவில்லையா? வெறும் வம்புக்குக் கேட்கவில்லை, விலையே அதில்தான் இருந்தது. கேட்டு நடந்தால் சலுகை. கேட்காமலே பல வருஷம் நடந்தால் உரிமை. சலுகை என்றால் பின்மனை வழியில்லாத மனை, தெருமனை விலையில் மூன்றில் ஒரு பங்கு தேறினால் பெரிது. உரிமை என்றால் கிட்டத்தட்ட தெருமனை விலையே கிடைக்கும். அந்த வித்தியாசம் தம்பியின் பங்கிலிருந்து போகும். அக்கா வேறோர் இடத்தில் ஒரு கொட்டகைக்கு முன்பணம் கொடுத்திருந்தார். விலை குறைந்தால் முன்பணமும் போய்விடும், தொழிலும் போய்விடும். தம்பியோ புதுப் பட்டறையில் தூசி நுழையாத பெயின்ட் அறை கட்ட ஆசைப்பட்டுக்கொண்டிருந்தார்.

ஒளித்துவைத்துக் கேட்பது எனக்குப் பிடிக்காது. இரண்டு பேரிடமும் தனித்தனியாக எல்லாவற்றையும் விளக்கினேன். அக்கா ஊசியில் நூல் கோத்தபடி, அவனையே கேளுங்கள் என்றார். தம்பி, அக்காவுக்கு எவ்வளவு குறையும் என்று இரண்டு தடவை கேட்டார். தனக்கு எவ்வளவு போகும் என்று கேட்கவே இல்லை. வீட்டுக்கு வந்த பிறகும் எனக்கு அதே யோசனைதான்.

விசாரணைக்கு என் அறையில் மூன்று நாற்காலி போட்டிருந்தேன். நடுநாற்காலியைக் காலியாக விட்டு ஆளுக்கொரு பக்கம் உட்கார்ந்தார்கள். தம்பியிடம்தான் முதலில் கேட்டேன்.

"இல்ல மேடம். ஒரு நாளும் வழி விட்டதில்ல. நான் கத்துவேன், அவ பாட்டுக்குப் போவா."

அன்றைக்குப் பாவம் பார்த்து விட்டதாகச் சொன்னீர்களே என்று மடக்கினேன். அது புது ஆளிடம் காட்டிய ஜம்பம் என்று ஒப்புக்கொண்டார்.

இப்போது அக்கா குறுக்கே வந்தார். தம்பி சொல்வது பச்சைப் பொய் என்றும், அவன் விட்டதால்தான் நடந்ததாகவும் என்னைப் பார்த்துச் சொன்னார். எனக்குத் தலை சுற்றியது. பங்கு பற்றாது என்று சட்டையைப் பிடித்துக்கொள்கிறவர்களை நிறையப் பார்த்திருக்கிறேன். தனக்கு நஷ்டம் வரட்டும் என்று இப்படி மல்லுக்கட்டுகிறவர்களை அன்றுதான் பார்த்தேன். என் காதால் கேட்டது எனக்குத் தெரியும், ஆனால் அக்கா வாயிலிருந்தும் வராமல் நான் உரிமை என்று எழுத முடியாது. அதனால் நேராகவே கேட்டேன். போகலாமா என்று தம்பியிடம் என்றைக்காவது கேட்டதுண்டா?

அக்கா என்னைப் பார்க்காமல் தம்பி பக்கம் திரும்பினார்.

"எல்லாத்தையும் எனக்கே குடுத்துட்டு நீ என்னடா பண்ணுவ?"

தம்பிக்குக் கண் கலங்கிவிட்டது. நான் எழுதுவது போலக் குனிந்துகொண்டேன்.

"எழுதிக்கங்க மேடம்," என்றார் தம்பி. "இத்தனை வருஷத்துல அவ என்கிட்ட கேட்டது இது ஒண்ணுதான்."