மேசையில் மிஞ்சிய புத்தகங்கள்

அபு லைஸ் பொய்க்கணக்கு எழுதுகிறார் என்பதில் ருதைனாவுக்குச் சந்தேகமே இல்லை. எப்படி என்பதுதான் பிடிபடவில்லை.

அம்மானில், மலைச்சரிவில் இருக்கும் அந்தப் பல்கலைக்கழக நூலகத்தின் வாசிப்பு மண்டபம் பல வருஷமாக அவள் பொறுப்பு. அதை மூடிவிட்டுக் கணினி அறை ஆக்கலாமா என்று ஒரு பேச்சு கிளம்பியிருந்தது. நூலக இயக்குநர் டாக்டர் காலிப் அவசரப்படாமல், "முதல்ல ஆராய்ஞ்சு பார்ப்போம். யார் வர்றாங்க, எதைப் படிக்கிறாங்கன்னு எனக்கு எண்ணிக்கை வேணும்" என்று சொல்லிவிட்டார். மண்டபம் போனால் வீட்டில் படிக்க இடமில்லாத பிள்ளைகள் எங்கே போவார்கள் என்பது அவள் கவலை. இப்போதே ஹீட்டர் பக்கத்து நாற்காலிக்குக் காலையிலேயே சண்டை நடக்கும்.

வேலையைப் பிரித்துக் கொடுத்தார்கள். மணிக்கொரு தடவை ஆட்களை எண்ணுவது ருதைனா. படித்த புத்தகத்தை அலமாரியில் திருப்பி வைக்காதீர்கள், மேசையிலேயே விடுங்கள் என்று பலகை மாட்டியாயிற்று. மண்டபம் மூடும் நேரத்தில் அப்படி மிஞ்சியதை எண்ணுவது அபு லைஸ். கணினி அறை வந்தால் அதற்குத் தலைவராகப் போகிறவரும் அவரேதான். பாலுக்குப் பூனையைக் காவல் வைத்த கதை.

ஆட்கள் கணக்கில் மண்டபம் நிரம்பி வழிந்தது. மேசைக் கணக்கிலோ நாலைந்து புத்தகம்கூடத் தேறவில்லை.

"அது எப்படி அபு லைஸ்? இத்தனை பேர் உட்கார்ந்து சுவத்தையா பார்த்துக்கிட்டு இருந்தாங்க?"

"போன்ல படிக்கிறாங்க உம் யஸன். இல்லாட்டி ஹீட்டருக்காக வர்றாங்க. நான் என்ன செய்ய? மேசையில இருக்கிறதைத்தானே எண்ண முடியும்?"

ருதைனாவை அவள் மகன் பெயரால் உம் யஸன், அதாவது யஸனின் அம்மா, என்றுதான் அவர் மரியாதையாகக் கூப்பிடுவார். பதில் சொல்லிவிட்டுச் சேஜ் மூலிகை இலை போட்ட தேநீரை உறிஞ்சினார். அந்த நிதானமே அவளுக்கு எரிச்சலாக இருந்தது. எண்ணுவதற்கு முன்னால் பாதியை எடுத்து அலமாரியில் செருகிவிடுகிறார், வேறென்ன? கையும் களவுமாகப் பிடித்துவிட வேண்டியதுதான்.

மறுநாள் சாயங்காலம், மூடுகிற மணி அடித்ததும் அவள் வீட்டுக்குக் கிளம்புகிற மாதிரி கோட்டை மாட்டிக்கொண்டு, சட்டப் புத்தக அலமாரிக்குப் பின்னால் போய் நின்றாள். ஐம்பது வயதுக்கு மேல் இப்படி ஒளிந்து நிற்பது அவளுக்கே வெட்கமாகத்தான் இருந்தது.

அபு லைஸ் வந்தார். ஒவ்வொரு மேசையாகப் பார்த்தார். குனிந்து நாற்காலிக்கு அடியில்கூடப் பார்த்தார். தூணோரம் கிடந்த ஒரு புத்தகத்தை எடுத்துத் தூசி தட்டி, கணக்கில் சேர்த்துக்கொண்டார். எதையும் மறைக்கவில்லை. ருதைனாவுக்குச் சப்பென்று போய்விட்டது.

அப்போதுதான் பக்கத்து வரிசையில் ஏதோ உரசும் சத்தம் கேட்டது. மருந்தியல் படிக்கும் ஸாபிரீன், தடித்த மருந்தியல் புத்தகம் ஒன்றைப் பழைய வரிச்சட்டத் தொகுதிகளுக்குப் பின்னால் தள்ளிக்கொண்டிருந்தாள்.

"ஏய், என்ன பண்றே?"

"ஐயோ காலா!" சித்தி என்று அர்த்தம்; பிள்ளைகள் அவளை அப்படித்தான் கூப்பிடுவார்கள். "மெதுவாப் பேசுங்க. ஹம்ஸா இன்னும் போகலை, பார்த்துடுவான்."

"பார்த்தா என்ன?"

"நாளைக்கு எனக்கு முன்னாடி வந்து எடுத்துக்குவான். எங்க வகுப்புக்கே இருக்கிறது ஒரே பிரதி. மேசையில விடச் சொல்லிப் பலகை வச்சிருக்கீங்க, நல்லா இருக்கு! பரீட்சை நேரத்துல எந்தப் பைத்தியம் விடும்?"

"எல்லாருமா இப்படிச் செய்றீங்க?"

ஸாபிரீன் அவளைப் பாவமாகப் பார்த்தாள். "விவசாயம் பக்கம் போய்ப் பாருங்க காலா. பொறியியல்காரங்க ஒளிச்சு வைக்கிற இடம் அது. அந்த அலமாரியை ஒருத்தரும் தொடமாட்டாங்கல்ல."

ருதைனா நேராக அபு லைஸிடம் போய் எல்லாவற்றையும் சொன்னாள். ஒளிந்து நின்றதையும் சேர்த்துத்தான்.

அவர் முகம் சுருங்கிப்போனது. "என்னையா வேவு பார்த்தீங்க?"

"பார்த்தேன்."

"சரி, நானும் சொல்லிடறேன். டீ குடிக்க எட்டிப் பார்த்தவனை எல்லாம் ஆள் கணக்குல சேர்க்கிறீங்கன்னு நானும் நினைச்சேன். ரெண்டு தடவை தூணுக்குப் பின்னால நின்னு பார்த்தேன்."

"அடப்பாவி மனுஷா!"

"நீங்களும் ஒழுங்காத்தான் எண்ணுறீங்க" என்றார், குறைப்பட்டுக்கொள்கிற மாதிரி.

கையில் இருந்த தாளைக் கசக்கினார். "அப்போ இந்தக் கணக்கு குப்பைக்குத்தான். ரொம்ப வேணுங்கிற புத்தகம்தான் மேசையில இருக்காது."

மறுநாள் வெள்ளிக்கிழமை, நூலகம் விடுமுறை. இரண்டு பேரும் நூலக வாசல் சாவியை வாங்கி வந்து அலமாரி அலமாரியாகத் துழாவினார்கள். கவிதைக்குப் பின்னால் உடற்கூறு. கோழி வளர்ப்புக்கு நடுவில் கான்கிரீட். குறித்துக்கொண்டு, எடுத்த இடத்திலேயே திரும்ப வைக்க வேண்டும் என்று ருதைனா கண்டிப்பாகச் சொல்லிவிட்டாள்.

"என் கை கேட்க மாட்டேங்குது உம் யஸன். தப்பான இடத்துல இருக்கிற புத்தகத்தைத் தெரிஞ்சே விட்டுட்டுப் போறதா?"

"பரீட்சை முடியட்டும். இப்போ எடுத்தா அந்தப் பிள்ளைங்க நம்மளைத் திருடங்கன்னு நினைக்கும்."

வாரத்தின் முதல் வேலை நாளான ஞாயிற்றுக்கிழமை டாக்டர் காலிபின் அறைக்குப் படியேறும்போது, எதிரே வந்த ஊழியர் ஒருவர் அபு லைஸ் அரை மணி நேரம் முன்பே வந்துவிட்டதாகச் சொன்னார். அவளுக்குப் பழைய சந்தேகம் மறுபடியும் தலைகாட்டியது. உள்ளே அவர் உட்கார்ந்திருந்தார்.

இயக்குநர் அவர்கள் குறித்து வந்த பட்டியலை முன்னும் பின்னும் புரட்டினார். "ஆக, உங்க அலமாரியெல்லாம் தாறுமாறாக் கிடக்கு. யாரு பொறுப்பு?"

அவள் திரும்பி அபு லைஸைப் பார்த்தாள். அவர் தன் ஷூவைப் பார்த்துக்கொண்டிருந்தார்.

"நான்தான் டாக்டர். என் பேரையே எழுதிக்குங்க. ஆனா வேண்டாத பொருளை யாரும் ஒளிச்சு வைக்க மாட்டாங்க. அதையும் எழுதுங்க."

"ஒளிச்சவங்க யாரு?"

"தெரியாது."

"தெரியாதா, சொல்ல மாட்டீங்களா?"

"கணக்குக்கு அது தேவையில்ல டாக்டர்."

டாக்டர் காலிப் பட்டியலை மறுபடி மேலிருந்து கீழ்வரை படித்தார். பிறகு பேனாவை எடுத்தார். மண்டபம் இருக்கட்டும், அதிகம் ஒளிக்கப்பட்ட புத்தகங்களுக்குக் கூடுதல் பிரதி வாங்கலாம், அலமாரி ஒழுங்கைக் கவனிக்காததற்கு ருதைனாவுக்கு எச்சரிக்கைக் கடிதம். மூன்றையும் ஒரே தாளில் எழுதி அவள் பக்கம் தள்ளினார். அவள் கையெழுத்துப் போட்டாள். இத்தனை வருஷ வேலையில் அவளுக்கு வந்த முதல் எச்சரிக்கை.

வெளியே வந்ததும் அபு லைஸ் கேட்டார். "நான் முன்னாடியே வந்து வத்தி வச்சுட்டேன்னுதானே நினைச்சீங்க?"

"ஏறும்போது நினைச்சேன்."

"இப்போ?"

"அரை மணி நேரம் உள்ளே என்ன பேசிட்டு இருந்தீங்க?"

"எச்சரிக்கை ரெண்டு பேருக்கும் கொடுங்கன்னு கேட்டேன். அவர் ஒத்துக்கல."

ருதைனா அவர் முகத்தை உற்றுப் பார்த்தாள். உண்மையாக இருக்கலாம். யாரிடம் போய் விசாரிப்பது? கீழே மண்டபக் கதவுக்கு முன்னால் பிள்ளைகள் ஒருவரையொருவர் ஓரக்கண்ணால் பார்த்தபடி காத்திருந்தார்கள். அவள் சாவியை எடுத்துக்கொண்டு இறங்கினாள்.