புளி போட்டுத் துலக்கிய சீனக் காசுகள்

பிச்சுமணிக்கு வயது எழுபத்தொன்று. லிவர்மோரில் சொந்த வீடு, உலோக ஆராய்ச்சியில் சம்பாதித்த பென்ஷன், மாடி அறை முழுக்கச் சீனத்துப் பழைய காசுகள். அவ்வளவு இருந்தும் மனுஷருக்கு ஒரு காசு குறைச்சல். வட சோங் வம்சத்தின் கடைசி ராஜா பட்டமேறி ஒரு வருஷம் சொச்சத்தில் எதிரி வந்து பிடித்துக்கொண்டு போய்விட்டான். ஜிங்காங் என்று அந்த ராஜாவின் ஆட்சிப் பெயர் போட்டு அந்தக் கொஞ்ச நாளில் வார்த்த காசு அபூர்வத்திலும் அபூர்வம். முப்பது வருஷம் தேடியும் அவருக்குக் கிடைக்கவில்லை.

கோயில் ஹாலில் நடந்த வரலாற்றுக் கண்காட்சிக்கு அதைக் கொண்டுவந்தவர் சான் ஹோசே கந்தசாமி. தான் கொண்டுவந்தது என்னவென்று அவருக்குத் தெரியாது. பட்டுக்கோட்டைப் பக்கம் அவர் அப்பா கருப்பசாமி கிணறு வெட்டியபோது ஒரு குடம் சீனக் காசு கிடைத்தது. சோழர் காலத்துக் கப்பலில் வந்தது என்று அவர் நாற்பது வருஷமாகச் சொல்கிறார், ஊர் நாற்பது வருஷமாகச் சிரிக்கிறது. பிச்சுமணி அங்கிள் வாயால் அசல் என்று ஒரு வார்த்தை வந்தால் போதும் என்றுதான் கந்தசாமி இருபது காசுகளைத் தருவித்திருந்தார். அப்பாவையும் வீடியோ காலில் உட்கார வைத்திருந்தார்.

கோயிலுக்குப் போகிற பொருள் அழுக்காக இருக்கலாமா? முந்தின நாளே புளி போட்டு, பீதாம்பரி போட்டுத் தேய்த்து, குத்துவிளக்கு மாதிரி மினுக்கிவிட்டிருந்தார். ஆயிரம் வருஷத்துப் பச்சைக் களிம்பு சமையலறைத் தொட்டியோடு போயிற்று.

பிச்சுமணி லென்ஸை வைத்துப் பார்த்தார். பதினாறாவது காசில் லென்ஸ் நின்றது. எழுத்தின் இடுக்கில், புளி எட்டாத இடத்தில், பச்சை அப்படியே இருந்தது. சந்தேகமே இல்லை, ஜிங்காங். அசல் என்று சொன்னால் கந்தசாமி அதைக் கையை விட்டு விடமாட்டார். சாதாரணக் காசு என்றாலும் அப்பா ஞாபகமாக வைத்துக்கொள்வார். குப்பை என்றால்தான் கொடுப்பார். அந்தக் கணக்கைப் போடப் பிச்சுமணிக்கு அரை நிமிஷம்கூட ஆகவில்லை.

"இவ்ளோ பளபளன்னு ஆயிரம் வருஷத்துக் காசு இருக்குமா கந்தசாமி? சைனாடவுன்ல டாலருக்கு நாலு குடுக்கறான். அப்பாவை யாரோ நன்னா ஏமாத்தியிருக்கா."

கூடியிருந்தவர்கள் சிரித்தார்கள். அந்தப் பக்கம் கருப்பசாமி அணைக்கத் தெரியாமல் போனைக் கவிழ்த்து வைத்தார். பிச்சுமணி பெருந்தன்மையாக, இதெல்லாம் இங்கேயே கிடக்கட்டும், பசங்களுக்கு விளையாடக் கொடுக்கிறேன் என்றார். கந்தசாமி அவமானத்தில் காது சிவந்து, எல்லாவற்றையும் பையில் வாரிப் போட்டுக்கொண்டு போய்விட்டார்.

இரண்டு வாரம் பொறுத்தார் பிச்சுமணி. அதற்குமேல் முடியவில்லை. சும்மா பார்க்க வந்தேன் என்று மலை தாண்டி, கார் ஓட்டிக்கொண்டு சான் ஹோசே போய் இறங்கினார். காபி குடித்துவிட்டு, அந்தக் காசெல்லாம் என்ன ஆயிற்று என்று மெல்ல எடுத்தார்.

கந்தசாமி உற்சாகமாகக் கொல்லைக்குக் கூட்டிப்போனார். காற்றில் விழுந்த வேலிக் கதவை அவரே திரும்ப மாட்டியிருந்தார். போல்ட்டு ஒவ்வொன்றுக்கும் வாஷராக ஒரு சீனக் காசு. சதுர ஓட்டை பத்தவில்லை என்று டிரில் போட்டுப் பெரிசாக்கியிருந்தார். மேலிருந்து மூன்றாவதில் நாலு எழுத்துக்கு ஒன்றரை மிச்சம் இருந்தது. அந்த ஒன்றரையே பிச்சுமணிக்குப் போதும்.

"மழையில துரு பிடிக்காது பாருங்க அங்கிள்."

"ஊர்ல... அந்தக் குடத்துல மிச்சம் இருக்குமே?"

"அன்னிக்கே எடைக்குப் போட்டுட்டாரு. உருக்கிருப்பாங்க. இப்பல்லாம் அப்பா அதப் பத்திப் பேசறதே இல்ல. யாரோடயுமே பேசறதில்லன்னு அம்மா சொல்றாங்க." கந்தசாமி கதவை ஒருமுறை திறந்து மூடினார். "நீங்க உண்மையச் சொன்னதுக்கு நான்தான் தாங்க்ஸ் சொல்லணும். கதவு நல்லா நிக்குதா அங்கிள்?"

பிச்சுமணி அந்த மூன்றாவது போல்ட்டைத் தடவிப் பார்த்தார்.

"நன்னா நிக்கறது" என்றார்.